நீதிமன்ற உத்தரவும் சங்கத்தின் மௌனமும்

கூட்டுறவுச் சங்கத்தின் அலுவலகத்திற்கு வரும் தபால்களில் பெரும்பாலானவை இரண்டு வகைப்பட்டவை. நூல் வந்து சேர்ந்ததா, துணி அனுப்பப்பட்டதா என்று கேட்கும் கடிதங்கள் ஒருவகை. மேலதிகாரிகள் கேட்கும் புள்ளிவிவரங்கள் மற்றொரு வகை. இவ்விரண்டிலும் சேராத தபால் ஒன்று எப்போதாவது வருவதுண்டு. அது உயர்நீதிமன்றத்தின் உத்தரவு நகல். 'இந்நகல் கிடைத்த நாளிலிருந்து எட்டு வாரங்களுக்குள்' என்றோ, 'பன்னிரண்டு வாரங்களுக்குள்' என்றோ அதில் ஒரு தொடர் காணப்படும். ஓய்வு பெற்ற எழுத்தருக்கோ, விற்பனையாளருக்கோ, காலமாகிவிட்ட காவற்காரரின் மனைவிக்கோ சேரவேண்டிய பணிக்கொடை, விடுப்புச் சம்பளம், நிலுவை ஊதியம் முதலியவற்றை அக்காலத்திற்குள் கொடுத்துத் தீர்க்க வேண்டும் என்பது அதன் பொருள். எட்டு வாரம் என்பது 56 நாட்கள். அந்த 56 நாட்களும் நம் சங்கங்களில் எவ்வாறு கழிகின்றன என்பதையும், கழிந்த பின் என்ன நேர்கிறது என்பதையும் அங்கத்தினர்கள் அறிந்திருத்தல் அவசியம் என்று கருதியே இதனை எழுதுகிறோம்.

கோர்ட்டு அவமதிப்பு என்றவுடன், நீதிபதியை இகழ்ந்து பேசுவதும், விசாரணையின்போது கூச்சலிடுவதுமே நம்மில் பலருக்கு நினைவுக்கு வருகின்றன. அவையும் அவமதிப்பே, குற்றவியல் அவமதிப்பு என்று அவற்றிற்குப் பெயர். 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் இதனோடு உரிமையியல் அவமதிப்பு என்ற வேறொன்றையும் வகுத்துள்ளது. நீதிமன்றத்தின் தீர்ப்புக்கோ உத்தரவுக்கோ வேண்டுமென்றே பணியாதிருத்தலும், நீதிமன்றத்திற்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுதலும் இவ்வகையைச் சேர்ந்தவை. வாயைத் திறவாமல், நாற்காலியை விட்டு எழாமல், செய்துவிடக்கூடிய அவமதிப்பு இது. இதற்குத் தண்டனை ஆறு மாதம் வரை வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். (அபராதத் தொகை 1971-இல் நிர்ணயித்தபடியே இன்றும் இருக்கிறது. விலைவாசியின் காற்று அதன்மேல் மட்டும் வீசவில்லை போலும்.) இதனைத் தண்டிக்கும் அதிகாரம் உயர்நீதிமன்றத்திற்கு அரசியலமைப்பின் 215-ஆம் பிரிவிலிருந்தே வருகிறது.

சங்கத்தைச் சிறையில் அடைக்க இயலாது. ஆகவே அவமதிப்பு மனுவில் காரியதரிசி, தனி அலுவலர், தலைவர், சில சமயங்களில் துணைப் பதிவாளர் ஆகியோர் பெயர் குறிப்பிட்டுச் சேர்க்கப்படுகின்றனர். பணம் சங்கத்தினுடையது, கூண்டில் நிற்பவர் தனிமனிதர். சங்கம் நீதிமன்றத்திற்கு உறுதிமொழி கொடுத்து அதை மீறுமாயின், அச்சமயத்தில் நடவடிக்கைகளுக்குப் பொறுப்பாக இருந்தவர் ஒவ்வொருவரும் குற்றவாளியாகக் கருதப்படலாம் என்று மேற்படி சட்டத்தின் 12-ஆம் பிரிவு வெளிப்படையாகவே கூறுகிறது. தமக்குத் தெரியாமல் நடந்ததென்றோ, தடுப்பதற்குத் தக்க முயற்சி அனைத்தும் செய்ததாகவோ நிரூபித்தால்தான் அவர் தப்ப முடியும்.

சில ஆண்டுகளுக்கு முன்பு நெசவாளர் சங்கம் ஒன்றை ஆய்வு செய்யச் சென்றிருந்தோம். அச்சங்கத்தில் முப்பதாண்டுகள் கிடங்கு எழுத்தராக இருந்தவர் ஓய்வு பெற்று, பணிக்கொடைக்காக அலைந்து, இறுதியில் உயர்நீதிமன்றம் வரை சென்று உத்தரவு பெற்றிருந்தார். நகல் வந்த நாள் தபால் பதிவேட்டில் முத்திரையோடு இருந்தது. தீர்மானப் புத்தகத்தைப் புரட்டினோம். முதல் கூட்டத்தில், 'நீதிமன்ற உத்தரவு படித்துப் பதிவு செய்யப்பட்டது'. இரண்டாம் கூட்டத்தில், 'அடுத்த கூட்டத்தில் ஆலோசிக்க ஒத்திவைக்கப்பட்டது'. மூன்றாம் கூட்டத்திலும் அதே வாசகம். அதற்குள் கெடு முடிந்து இரண்டு மாதங்கள் ஆகியிருந்தன. அதே மாதங்களின் ரொக்கப் புத்தகத்தில் கட்டடத்திற்கு வெள்ளையடித்த செலவும், பண்டிகை முன்பணமும், புதிய அலமாரி வாங்கிய செலவும் ஒழுங்காக எழுதப்பட்டிருந்தன.

காரியதரிசியைக் கேட்டோம். அவர் பொறுப்பேற்று நான்கு மாதங்களே ஆகியிருந்தன. "நான் வருவதற்கு முன் வந்த உத்தரவுங்க. துணைப் பதிவாளர் அலுவலகத்துக்கு எழுதிப் போட்டிருக்கிறோம். பதில் வந்ததும் கொடுத்துவிடலாம் என்று குழுவில் சொன்னார்கள்" என்றார். அவர் கூறியது பொய்யன்று. கடிதம் சென்றிருந்தது, பதில் வரவில்லை. அக்கடிதம் போய்க் கிடந்த அலுவலகம் நம் இலாகாவைச் சேர்ந்ததே. மேலும் ஒன்றை மறைக்கலாகாது. அத்தபால் பதிவேட்டின் அதே பக்கத்தில், அதற்கு முந்தைய வருகையின்போது நாம் இட்ட சுருக்கொப்பம் இருந்தது. முத்திரையைப் பார்த்தோம், கெடுவைக் கேட்கவில்லை.

இவ்வாறான இடங்களில் சங்கங்கள் கூறும் சமாதானங்கள் சிலவே. கூட்டம் நடைபெறவில்லை என்பது ஒன்று. நீதிமன்றத்தின் கெடுவுக்கு உட்பட்டே கூட்டத்தின் தேதியை வைக்க வேண்டுமேயன்றி, கூட்டத்தின் தேதிக்காக நீதிமன்றம் காத்திராது. மேலதிகாரியின் அனுமதி வரவில்லை என்பது மற்றொன்று. அனுமதி கேட்டு எழுதியது உண்மையாயின், அதை நீதிமன்றத்திற்குத் தெரிவித்துக் கால நீட்டிப்புக் கேட்டிருக்க வேண்டும். கடிதத்தின் கார்பன் நகலைக் கோப்பில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பது யாருக்கும் தெரிவித்ததாகாது.

மூன்றாவது, பணமில்லை என்பது. இது சிறிது யோசிக்கத்தக்கது. சரக்குத் தேங்கி, தள்ளுபடி மானியமும் வராமல் தவிக்கும் நெசவாளர் சங்கங்களை நாம் அறிவோம். கரும்புக் கிரயம் வராமல் கையைப் பிசையும் விவசாயிகள் சங்கங்களையும் அறிவோம். உண்மையான இயலாமை வேறு, வேண்டுமென்று பணியாமை வேறு என்பதை நீதிமன்றங்களும் ஏற்றுக்கொண்டிருக்கின்றன. 1999-இல் பீகார் மாநிலத்து வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் இதனை விளக்கியது. தற்செயலாகவோ, அறியாமலோ, நேர்மையான இயலாமையாலோ ஏற்பட்ட தாமதத்தை அவமதிப்பாகக் கொள்வதில்லை என்றும், அவமதிப்பு அதிகாரம் கடன் வசூலுக்கு மாற்றாகப் பயன்படுவதற்கு உரியதன்று என்றும் அது கூறிற்று. ஆனால் அதே தீர்ப்பு வேறொன்றையும் சொல்கிறது. உத்தரவும் அதன் விளைவும் ஒருவருடைய கவனத்திற்குக் கொண்டுவரப்பட்ட பிறகு, அவருடைய அசட்டையும் கவனக்குறைவுமே பணியாமையாகிவிடலாம். ஆகவே பணமில்லை என்று சொல்லும் சங்கம், ரொக்கப் புத்தகத்தையும் வங்கிக் கணக்கையும் நீதிமன்றத்தின் முன் விரித்து வைத்துத் தவணை கேட்கும் துணிவுடையதாக இருக்க வேண்டும். வெள்ளையடித்த செலவு அதே பக்கத்தில் இருக்குமானால் அத்துணிவு எங்கிருந்து வரும்?

நான்காவது சமாதானம்தான் எல்லாவற்றிலும் அதிகமாக வழங்குவது. 'அப்பீல் போட்டிருக்கிறோம்' என்பர். மேல்முறையீடு செய்தவுடன் கீழே பிறந்த உத்தரவு உறங்கிவிடும் என்று பட்டதாரிகளான அலுவலர்களும் நம்புகின்றனர். அது தவறு. மேல்முறையீட்டு மனு தாக்கல் செய்வதனாலேயே உத்தரவு நின்றுவிடாது. மேல்நீதிமன்றம் தடையாணை பிறப்பித்தால்தான் நிற்கும். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 41-ஆம் கட்டளை இதனைத் தெளிவாக்கியுள்ளது. சங்கத்தின் வழக்கறிஞர் மேல்முறையீட்டு எண்ணைக் குறித்துக் கடிதம் அனுப்பினால், 'தடை கிடைத்ததா?' என்று கேட்டு எழுதுவது காரியதரிசியின் முதற்கடமை. தடை கோரும் மனு மேலே நிலுவையில் இருக்கும்போது, அதனை முதலில் விசாரித்துவிட்டுப் பிறகு அவமதிப்பை எடுத்துக்கொள்வதே விரும்பத்தக்கது என்று 1995-இல் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது. மனுவைத் தாக்கல் செய்துவிட்டு, அதில் உள்ள குறைகளை நிவர்த்திக்காமல் ஓராண்டு கிடப்பில் போட்டவருக்கு இச்சலுகை உதவும் என்று நாம் எண்ணவில்லை.

சட்டத்தின் வழியில் எதிர்த்துப் போராடுவதே அவமதிப்பாகிவிடுமா என்ற அச்சமும் சிலருக்கு உண்டு. இதற்கு அண்மைக்கால வழக்கு ஒன்று நல்ல விடை தருகிறது. ஓய்வு பெற்ற நீதிபதிகளுக்குரிய பணியாள் உதவி முதலான சலுகைகள் பற்றி அலகாபாத் உயர்நீதிமன்றம் பிறப்பித்த உத்தரவை உத்தரப்பிரதேச அரசு நிறைவேற்றவில்லை என்று, 2023 ஏப்ரலில் அம்மாநில நிதித்துறைச் செயலர்கள் இருவர் நீதிமன்றத்திலேயே காவலில் வைக்கப்பட்டனர். மறுநாளே உச்ச நீதிமன்றம் அதனை நிறுத்தி அவர்களை விடுவித்தது. 2024 ஜனவரி 3-ஆம் நாள் அவ்வுத்தரவுகளை அடியோடு ரத்து செய்தது. உத்தரவைத் திரும்பப் பெறுமாறு மனுச் செய்வது போன்ற சட்டபூர்வமான பரிகாரத்தை நாடியதற்காக ஒருவர்மீது அவமதிப்பு நடவடிக்கை எடுக்கலாகாது என்பது அத்தீர்ப்பின் சாரம். அரசு அலுவலர்களை நேரில் வரவழைப்பதற்கு ஒரு நடைமுறையையும் அது வகுத்துள்ளது. கூடியவரையில் முதலில் காணொலி வாயிலாக வரச் சொல்ல வேண்டும். அலுவலரின் தோற்றத்தையோ படிப்பையோ குறித்துப் பேசலாகாது என்பவை அதில் அடங்கும். அந்த நடைமுறை அரசு அலுவலர்களுக்கு உரியது. தனி அலுவலராக இருக்கும் நம் இலாகாவினருக்கு அது உதவலாம். சங்கத்தின் காரியதரிசி அதை நம்பியிருத்தல் கூடாது.

இதற்கு எதிர்முனையில் நிற்பது ஜம்மு காஷ்மீர் வழக்கு. தினக்கூலிப் பணியாளர்கள் சிலரின் கோரிக்கை குறித்து 2007-இல் உயர்நீதிமன்றம் பிறப்பித்த உத்தரவை அலுவலர்கள் ஆண்டுக்கணக்கில் நிறைவேற்றாமல், முன்பு சொன்ன காரணத்தையே மீண்டும் மீண்டும் சொல்லி வந்தனர். 2025 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அவர்களைக் கடுமையாகக் கண்டித்து, 25,000 ரூபாய் செலவுத்தொகை விதித்ததோடு, நிலுவையிலுள்ள அவமதிப்பு வழக்கை வாரந்தோறும் எடுத்து விசாரிக்கும்படி உயர்நீதிமன்றத்தைக் கேட்டுக்கொண்டது. உத்தரப்பிரதேசத்தார் தமது ஆட்சேபத்தை நீதிமன்றத்தில் வைத்தனர். இவர்கள் தீர்ந்துபோன விஷயத்தையே அரைத்துக்கொண்டிருந்தனர்.

இனி, பணியாளர்களின் பக்கமிருந்தும் சிறிது பார்ப்போம். சங்கத்தின் சிப்பந்திகளில் பலர் அங்கத்தினர் குடும்பங்களைச் சேர்ந்தவர்களே. உத்தரவு கையில் கிடைத்தவுடன் வெற்றி கிட்டிவிட்டது என்று அவர்கள் எண்ணிவிடுகின்றனர். உத்தரவின் கடைசிப் பத்தியை நிதானமாகப் படிக்க வேண்டும். 'கொடுக்க வேண்டும்' என்று இருக்கிறதா, 'மனுவைப் பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும்' என்று இருக்கிறதா? இரண்டிற்கும் மலைக்கும் மடுவுக்குமுள்ள வேற்றுமை உண்டு. பரிசீலிக்கும்படி மட்டும் உத்தரவிருந்தால், சங்கமோ துணைப் பதிவாளரோ காரணங்களைக் கூறி மறுத்துவிட்டாலும் உத்தரவு நிறைவேறியதாகவே கொள்ளப்படும். அம்மறுப்பு பிழையானதாகவே இருக்கலாம். பிழையான முடிவு புதிய வழக்குக்குக் காரணமாகுமேயன்றி அவமதிப்பாகாது என்று 1996-இல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியிருக்கிறது.

நம் மாநிலத்தில் இவ்வகை உத்தரவுகள் மிகுந்து காணப்படுவதற்கு ஒரு காரணமும் உண்டு. கூட்டுறவுச் சங்கம் அரசமைப்பின் பொருளில் 'அரசு' ஆகாது. ஆதலால் அதன்மீது சாதாரணமாக ரிட் மனு நிலைக்காது. சட்டம் விதித்த கடமையை அது மீறிய இடத்தில்தான் விலக்கு உண்டு என்பது 2006-இல் சென்னை உயர்நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அடங்கிய அமர்வு அளித்த தீர்ப்பு. எனவே பணியாளர்கள் பதிவாளரையும் துணைப் பதிவாளரையும் எதிர்மனுதாரர்களாக்கி, அவர்கள் முடிவெடுக்க வேண்டுமென்று உத்தரவு பெறுகின்றனர்.

அவமதிப்பு நாளிலிருந்து ஓராண்டுக்குள் நடவடிக்கை தொடங்கப்பட வேண்டும் என்பது சட்டத்தின் 20-ஆம் பிரிவு. 'இந்த மாதம் கொடுக்கிறோம், அடுத்த மாதம் கொடுக்கிறோம்' என்ற இன்சொல்லை நம்பி ஓராண்டைக் கடத்தியவர்களை நாம் பார்த்திருக்கிறோம். அவமதிப்பு மனுவில் உத்தரவில் இல்லாத புதிய பலனைக் கேட்கவும் முடியாது. மேற்கு வங்கத்தின் மிதுனாபூர் மக்கள் கூட்டுறவு வங்கிக்கும் அதன் பணியாளர் ஒருவருக்கும் நடந்த வழக்கில், அவமதிப்பை விசாரிக்கும் நீதிபதி மூல வழக்கின் நியாய அநியாயங்களைத் தீர்மானிக்கலாகாது என்று 2006-இல் உச்ச நீதிமன்றம் வரையறுத்தது. கூட்டுறவு வங்கி ஒன்றின் பெயரால் பிறந்த இத்தீர்ப்பு இன்று நாடெங்கும் எடுத்துக்காட்டப்படுகிறது.

பணிக்கொடைக்கு வேறு வழியும் உண்டு. பத்துப் பேர் அல்லது அதற்கு மேல் வேலை செய்யும் நிறுவனங்களுக்கு உரிய 1972-ஆம் ஆண்டுப் பணிக்கொடைச் சட்டத்தின்படி, தொழிலாளர் துறையின் கட்டுப்பாட்டு அதிகாரி உத்தரவிட்டும் தராத தொகையை மாவட்ட ஆட்சியர் நிலவரி பாக்கியைப்போல வசூலிக்க இடமிருந்தது. 2025 நவம்பர் 21 முதல் அச்சட்டத்தின் இடத்தைச் சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டம், 2020 பெற்றுள்ளது. உரிய நாளிலிருந்து முப்பது நாட்களுக்குள் கொடுத்துவிட வேண்டும் என்ற விதி பழைய சட்டத்தில் இருந்தது போலவே புதியதிலும் இருக்கிறது. அதிகாரியின் உத்தரவோடு நின்றால் அது வசூல் விவகாரம். அதை எதிர்த்துச் சங்கம் உயர்நீதிமன்றம் சென்று தோற்று, 'எட்டு வாரத்தில் கொடு' என்ற உத்தரவோடு திரும்பினால் அது வேறு விவகாரம். சங்கங்கள் தாமாகவே நடந்து சென்று இந்த இரண்டாவது படியில் ஏறிக்கொள்வதைக் கண்டு நாம் வியந்ததுண்டு.

இத்தனைக்கும் ஆகும் செலவு யாருடையது? ஒரு கணக்கைப் பார்ப்போம். கடைசியாக மாதம் 18,000 ரூபாய் ஊதியம் பெற்று முப்பதாண்டு பணிபுரிந்தவருக்குப் பணிக்கொடை, நாளொன்றுக்கு 26-இல் ஒரு பங்காக 15 நாள் ஊதியம் வீதம், 3,11,538 ரூபாய் ஆகும். பழைய சட்டத்தின்கீழ் 1987 முதல் அறிவிக்கப்பட்டிருந்த தனிவட்டி விகிதம் நூற்றுக்குப் பத்து. அவ்விகிதப்படி ஆண்டொன்றுக்கு 31,153 ரூபாய். மூன்றாண்டுத் தாமதத்திற்கு 93,461 ரூபாய். வழக்கறிஞர் கட்டணமும் சென்னைப் பயணமும் இதில் சேரவில்லை. தறியில் பாவோட்டி ஊடை போட்டு உழைக்கும் அங்கத்தினருக்குப் பங்காதாயமாகவோ, போனஸாகவோ வந்திருக்க வேண்டிய பணம் அது.

ஓய்வூதியமும் பணிக்கொடையும் அரசு மனமுவந்து வழங்கும் கொடையன்று, பணியாளரின் உரிமை, தாமதித்தால் வட்டி கொடுத்தே தீர வேண்டும் என்று கேரள அரசின் வழக்கு ஒன்றில் 1984-இல் உச்ச நீதிமன்றம் கூறிற்று. அங்கே இரண்டாண்டுக்கு மேற்பட்ட தாமதத்திற்குக் காரணம் என்ன தெரியுமா? இறுதி ஊதியச் சான்று என்னும் ஒரு தாள் ஓர் அலுவலகத்திலிருந்து மற்றோர் அலுவலகத்திற்குச் செல்லாதது. அந்த நஷ்டத்தைத் தவறு செய்த அலுவலரிடமிருந்து பெறலாமா என்பதை அரசு யோசிக்க வேண்டுமென்றும் நீதிமன்றம் குறிப்பிட்டது. நமது 1983-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 87-ஆம் பிரிவில், வேண்டுமென்றே காட்டிய அசட்டையால் சங்கத்தின் சொத்துக்குக் குறைவு ஏற்படுத்தியவரிடமிருந்து தண்டத்தீர்வை வசூலிக்க வழி இருக்கிறது. கையாடலுக்கு அதைப் பயன்படுத்துமளவுக்குத் தாமத வட்டிக்குப் பயன்படுத்த எவரும் முன்வருவதில்லை. அது நம் இலாகாவின் குறை என்பதே நமது எண்ணம்.

மேலே கூறிய நெசவாளர் சங்கத்திற்கு அவமதிப்பு அறிவிப்பு வந்தேவிட்டது. பெயர் குறிப்பிடப்பட்டிருந்தவர் அந்தப் புதிய காரியதரிசி. உத்தரவு வந்தபோது பொறுப்பில் இருந்தவர் அதற்குள் பேரன் பேத்திகளோடு வேறு ஊரில் குடியேறியிருந்தார். அறிவிப்பு வந்த ஒன்பதாம் நாள் அவசரக் கூட்டம் கூடிற்று. மூன்று கூட்டங்களில் முடியாத தீர்மானம் கால்மணி நேரத்தில் நிறைவேறியது. மறுநாள் வங்கி வரைவோலையை எடுத்துக்கொண்டு காரியதரிசி எழுத்தரின் வீட்டிற்கே சென்றார். துணைப் பதிவாளரின் அனுமதி அன்றும் வந்திருக்கவில்லை; அது தேவைப்படவும் இல்லை.

விசாரணை நாளில் காரியதரிசி சென்னையில் காலை பத்து மணி முதல் நின்றார். பணம் செலுத்திய ரசீதும், தாமதத்திற்கு மன்னிப்புக் கோரும் பிரமாண வாக்குமூலமும் தாக்கலாயின. உண்மையான மன்னிப்பை, அது நிபந்தனையோடு கூடியது என்ற ஒரே காரணத்திற்காகத் தள்ளலாகாது என்று சட்டமே கூறியிருப்பினும், அவர் நிபந்தனை எதுவும் வைக்கவில்லை. நீதிபதி இரண்டொரு வார்த்தை கேட்டுவிட்டு மனுவை முடித்துவைத்தார். வெளியே வந்து நமக்குத் தொலைபேசியில் பேசியபோது அவருடைய குரல் தழுதழுத்தது. "ஐயா, அந்தக் கிடங்கு எழுத்தரும் வந்திருந்தார். அவரே என்னைக் கூட்டிக்கொண்டு போய்க் காப்பி வாங்கிக் கொடுத்தார்" என்றார்.

வட்டியும், வழக்குச் செலவும், பயணப்படியும் அவ்வாண்டின் இலாப நட்டக் கணக்கில் 'இதரச் செலவு' என்ற தலைப்பில் எழுதப்பட்டன. மகாசபையில் கணக்கு வாசிக்கப்பட்டபோது நாமும் இருந்தோம். நூல் ஒதுக்கீடு பற்றியும் கூலி உயர்வு பற்றியும் ஒன்றரை மணி நேரம் விவாதம் நடந்தது. இதரச் செலவைப் பற்றி ஒருவரும் கேட்கவில்லை. அதன்பிறகு சங்கங்களுக்குச் செல்லும்போதெல்லாம் தபால் பதிவேட்டில் சுருக்கொப்பம் இடுவதற்கு முன், நீதிமன்ற முத்திரை உள்ள பதிவுகளுக்கு எதிரே கெடு முடியும் நாளைச் சிவப்பு மையினால் எழுதச் சொல்கிறோம்.